கல் சுமந்த தோள்களும் கண் திறந்த கருவியும்
(சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



உலகின் பெரும்பணிகள் யாவற்றுக்கும் பெயருண்டு. அணைக்குப் பெயருண்டு, பாலத்துக்குப் பெயருண்டு, அவற்றை எழுப்புவித்த அரசனுக்கும் வரைந்து கொடுத்த பொறிஞனுக்கும் பெயருண்டு. கல் சுமந்தவனுக்கு மட்டும் பெயரில்லை. காவிரிக்குக் கரை கண்ட கரிகாலனைத் தமிழ்நாட்டுக் குழந்தையும் அறியும். அக்கரைக்கு மண் சுமந்தவருள் ஒருவர் பெயரையேனும் அறிந்தவர் எவருமிலர். இது தமிழ்நாட்டுக்கு மட்டும் உரிய குறையன்று. உலகெங்கும் உள்ள குறை. கல்வெட்டு, வெட்டுவித்தவனைப் பாடும், வெட்டியவனைப் பாடாது.

இக்குறையைத் தீர்க்கவல்ல ஒரு கருவி பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் மாந்தன் கைக்கு வந்தது. அதுவே திரைப்படம். 1895ஆம் ஆண்டு திசம்பர் 28ஆம் நாள், பாரிசு நகரில் உலூமியர் உடன்பிறந்தார் கட்டணம் வாங்கிக்கொண்டு மக்களுக்குப் படம் காட்டினர். அன்று காட்டிய படங்களுள் ஒன்று எது தெரியுமா? இலியோன் நகரில் இருந்த அவர்களுடைய தொழிற்கூடத்தை விட்டுத் தொழிலாளர் வெளியேறும் காட்சி! அரசர்க்கு முன்னே தொழிலாளர் திரையேறினர் என்று மகிழலாம். ஆனால் ஒன்றை எண்ணிப் பார்த்தல் வேண்டும். கருவி தொழிற்கூடத்தின் வாயிலிலேயே நின்றது; உள்ளே செல்லவில்லை. வேலை முடித்து வெளியே வந்தவரைக் கண்டது. வேலை செய்தவரைக் காணவில்லை. படம் எடுத்தவர் யார்? அத்தொழிற்கூடத்தின் உரிமையாளரே! படப்பெட்டி யார் கையில் இருக்கின்றதோ, அவர் நிற்கச் சொன்ன இடத்தில்தான் அது நிற்கும்.

உள்ளதை உள்ளவாறு பதிந்து, அதனை ஒரு கருத்தாகத் தொகுத்துக் காட்டும் படத்தை ஆவணப்படம் என்கிறோம். 1926இல் சான் கிரியர்சன் என்பார் ஒரு படத்தைப் பற்றி எழுதும்போது ஆங்கிலத்தில் இதற்கான சொல்லை ஆண்டார். அதன்பின் அச்சொல் நிலைத்தது. அக்கால அளவிலேயே அணை, இருப்புப்பாதை, மின்னாற்றல் நிலையம் ஆகியவற்றைப் பற்றிய படங்கள் நாடுதோறும் எழுந்தன. உருசியாவில் துருக்கித்தானத்தையும் சைபீரியாவையும் இணைக்கும் இருப்புப்பாதையைப் பற்றி விக்டர் தூரின் 1929இல் எடுத்த படம், பாதை முடியுமுன்னரே திரைக்கு வந்து உலகைச் சுற்றியது.

இப்படங்களில் பெரும்பாலானவற்றுக்குப் பணம் கொடுத்தவர் அரசினர், அல்லது குழுமத்தார். பணம் கொடுத்தவர் தம் பெருமையைப் பாடச் சொல்வது உலக இயல்பு. எனவே அப்படங்களில் பொறிகள் சுழன்றன, மின்விளக்குகள் எரிந்தன, அமைச்சர் நாடாவை வெட்டினார். தொழிலாளி வந்தான், ஆனால் பளுத்தூக்கியின் ஓர் உறுப்பாக வந்தான். அவன் பெற்ற கூலி என்ன, உண்ட உணவு என்ன, வேலை முடிந்தபின் அவன் சென்ற இடம் யாது என்பனவற்றைத் திரை சொல்லவில்லை.

இவ்வழக்கத்தை உடைத்தவருள் தலையாய ஒருவர் நெதர்லாந்து நாட்டின் யோரிசு ஈவன்சு. 1898இல் நைமேகன் நகரில் பிறந்தவர். தந்தை ஒளிப்படக் கருவிகள் விற்கும் வணிகர். ஆதலின் கருவி இவருக்குப் பிள்ளைப் பருவம் தொட்டே கைப்பழக்கம். 1928இல் உரோத்தர்தாம் நகரின் தூக்குப் பாலத்தைப் பற்றி 'பாலம்' என்னும் சிறுபடத்தை எடுத்தார். இரும்பும் சக்கரமும் வடமும் ஆடும் ஆட்டம் அது. அழகிய படம், ஆனால் பாலமே அதன் தலைவி. மாந்தன் அதில் மிகச் சிறியவன்.

அடுத்த படியில்தான் அவருடைய கண் முழுமையாகத் திறந்தது. கட்டடத் தொழிலாளர் சங்கம் ஒன்று தன் உறுப்பினரின் வேலையைப் படமாக்கித் தருமாறு அவரைக் கேட்டது. 'நாங்கள் கட்டுகிறோம்' என்னும் பெயரால் 1930இல் அப்படம் வெளிவந்தது. பெயரை நோக்குக! 'அரசு கட்டுகிறது' என்றில்லை, 'குழுமம் கட்டுகிறது' என்றில்லை, 'நாங்கள் கட்டுகிறோம்!' பணம் கொடுத்தவர் மாறினார்; படத்தின் எழுவாயும் மாறியது. அப்படத்திற்காகப் பதிந்த பெரும்பணிகளுள் ஒன்றே கடலை அடைத்த பணி.

நெதர்லாந்தின் நடுவே வடகடலின் ஒரு கை நாட்டுக்குள் நீண்டு கிடந்தது. அதற்குச் சாய்டர்சே என்று பெயர். தென்கடல் என்பது பொருள். புயல் எழுந்தால் அக்கடல் ஊர்களை விழுங்கும். அதனை ஒரு நெடுங்கரையால் அடைத்து, உள்ளே கிடக்கும் நீரைப் பகுதி பகுதியாக இறைத்து, விளைநிலம் காண வேண்டும் என்று கொர்னேலிசு லேலி என்னும் பொறிஞர் 1891இலேயே திட்டம் வரைந்தார். கால் நூற்றாண்டுக்காலம் அது தாளிலேயே கிடந்தது. 1916ஆம் ஆண்டு சனவரியில் வந்த பெருவெள்ளமும், போர்க்காலத்து உணவுத் தட்டுப்பாடும் அரசை எழுப்பின. 1918இல் சட்டம் வந்தது. கரை எழுந்தால் அலையின் போக்கும் உயரமும் எவ்வாறு மாறும் என்று கணிக்கும் குழுவுக்கு, நோபல் பரிசு பெற்ற இயற்பியல் அறிஞர் உலோரன்சு தலைமை தாங்கினார். 1918 முதல் 1926 வரை எட்டாண்டுகள் கணக்கிட்டனர். கடலோடு போர் தொடுக்குமுன் கடலைக் கற்ற அறிவு அது.

1927இல் நெடுங்கரைப் பணி முழுமூச்சாயிற்று. நீளம் 32 கிலோமீட்டர். அகலம் 90 மீட்டர். கடல்மட்டத்துக்கு மேல் உயரம் ஏழு மீட்டருக்கும் மிகுதி. கடலின் அடியிலிருந்தே பனிக்காலத்துக் கடுங்களிமண்ணைத் தூர்வாரிகளால் அள்ளி, அதனைக் கொண்டே கரையை எழுப்பினர். அக்களிமண் ஏறத்தாழ 1 கோடியே 35 இலக்கம் கனமீட்டர். மணல் 2 கோடியே 30 இலக்கம் கனமீட்டர். ஓட்டம் கடலடியை அரிக்காதிருக்க, அலரி மரத்தின் வளார்களைப் பாய்போல் முடைந்து, கல்லேற்றி, நீருள் அமிழ்த்தினர். அதன்மேல் மண், மண்ணின்மேல் கல். நாளொன்றுக்கு நாலாயிரம் முதல் ஐயாயிரம் பேர் உழைத்தனர். இவ்வளவு பெரிய பணியில் பாய் முடைந்தவையும் கல் பாவியவையும் மாந்தரின் கைகளே. பொறி மண்ணைக் கொட்டும். கல்லை இடம் பார்த்துப் பொருத்த அதற்குத் தெரியாது.

இங்கேதான் ஈவன்சின் பெருமை விளங்கும். கல் தூக்கும் தொழிலாளரை அவர் பன்முறை படம் பிடித்தார். படம் தெளிவாகவே வந்தது. ஆனால் கல்லின் கனம் திரையில் தெரியவில்லை. எவ்விடத்தில் கருவியை வைத்தாலும் அக்கனம் அகப்படவில்லை. அப்போது அவர் என்ன செய்தார்? கருவியை வைத்துவிட்டுத் தாமே சென்று கல்லைத் தூக்கினார்! பளு முழுவதும் தோளிலும் தாடையிலும் ஏறுவதை அவருடைய உடம்பே அவருக்குக் கற்பித்தது. பிறகே தோளும் தாடையும் தெரியும் கோணத்தில் கருவியை நிறுத்தினார். கனம் திரைக்கு வந்தது. இச்செய்தியை அவரே தம் நூலில் பதிந்துள்ளார். உழைப்பைப் பற்றிப் பேசுவோர், எழுதுவோர், படம் எடுப்போர் அனைவரும் நெஞ்சில் எழுதிக்கொள்ள வேண்டிய பாடம் இது. தொலைவில் நின்று பார்ப்பவனுக்குக் கல்லின் உருவம் தெரியும். தூக்கிப் பார்த்தவனுக்கே கல் தெரியும்.

கரை இரு பக்கமும் வளர வளர, நடுவில் உள்ள இடைவெளி குறுகியது. குறுகக் குறுக நீரோட்டம் வெறிகொண்டது. ஒரு நாள் சுணங்கினாலும் கடல் அடிமண்ணை அரித்துப் பணி முழுவதையும் பாழாக்கும். இவ்விறுதிப் போரைப் படமாக்க ஈவன்சின் குழுவினர் கருவிகளைப் பகுத்துக்கொண்டனர். ஒரு கருவி நிலத்தின் பக்கம் நின்றது. ஒரு கருவி கடலின் பக்கம் நின்றது. ஒரு கருவி மாந்தனும் பொறியும் செய்யும் போராட்டத்தின் பக்கம் நின்றது. எலன் வான் தோங்கன் என்னும் அம்மையார் இவற்றைத் தொகுத்தார். பளுத்தூக்கியின் வாய் திறக்கும், களிமண் விழும், கடல் சீறும், மறுபடி வாய் திறக்கும். காட்சிகள் வரவரக் குறுகும்; பார்ப்பவர் மூச்சும் குறுகும். 1932ஆம் ஆண்டு மே 28ஆம் நாள் பிற்பகல் ஒரு மணி கடந்து இரண்டு மணித்துளியில் கடல் அடைபட்டது. தென்கடல் என்னும் பெயரே நிலப்படத்திலிருந்து மறைந்தது. அது நன்னீர் ஏரியாயிற்று.

பிறர் எடுத்த படமாயின் இங்கே முடிந்திருக்கும். கொடி ஏறியிருக்கும், இசை முழங்கியிருக்கும். ஈவன்சின் படம் இங்கே முடியவில்லை, இங்கேதான் தொடங்கியது. 1933இல் அவர் பழைய பதிவுகளையெல்லாம் மீண்டும் எடுத்து, சுருக்கித் தொகுத்து, 'புதிய நிலங்கள்' என்னும் அரைமணி நேரப் படமாக்கினார். செருமானிய இசைவல்லார் ஆன்சு ஐசுலர் இசை அமைத்தார். கடல் அடைபடுகின்றது, நிலம் எழுகின்றது, புது நிலத்தில் கோதுமை விளைகின்றது. ஆனால் அதே காலத்தில் உலகெங்கும் பொருளியல் நெருக்கடி! விலை வீழ்ந்துவிட்டது, விளைந்ததை விற்பதைவிட அழிப்பதே ஊதியம் என்று வணிகர் கண்டனர். தவசத்தை எரித்தனர், கடலில் கொட்டினர், பாலைக் கவிழ்த்தனர். கடலிலிருந்து நிலத்தை மீட்டவன் வேலையற்றுப் பட்டினியாகத் தெருவில் நடக்கின்றான். அவன் மீட்ட நிலத்தின் விளைச்சலோ கடலுக்கே போகின்றது! இக்காட்சிகளைச் செய்திப்படத் துண்டுகளிலிருந்து எடுத்துச் சேர்த்து, மேலே எள்ளல் பாடல் ஒன்றை ஒலிக்கச் செய்தார் ஈவன்சு.

கடலை வென்ற கைகளின் ஆற்றலை முதற்பகுதியில் முழுமையாகக் காட்டியமையால்தான் இறுதிப்பகுதி நெஞ்சைச் சுடுகின்றது. பொறியியலை அவர் பழிக்கவில்லை. கரை வேண்டாம் என்று சொல்லவில்லை. கடலையே அடைக்கத் தெரிந்த ஒரு குமுகாயத்துக்கு, அதனை அடைத்தவன் வயிற்றை நிரப்பத் தெரியவில்லையே என்றுதான் கேட்டார். அக்கேள்வியை அரசினர் பொறுப்பரோ? பிரான்சில் தணிக்கையாளர் படத்துக்குத் தடை போட்டனர். கடல் அடைபடும் காட்சிக்குக் கைதட்ட எல்லாரும் அணியமாய் இருந்தனர். கோதுமை கொட்டப்படும் காட்சியைக் காணத்தான் அதிகாரத்துக்குக் கண் கூசியது.

மற்றொன்றும் சொல்லுதல் வேண்டும். அக்கடலை நம்பி மீன் பிடித்து வாழ்ந்த ஊர்கள் பல. கடல் ஏரியானபின் அவர்களுடைய மீன் மறைந்தது, தொழில் மறைந்தது. அவர்களுக்கு உதவ 1925இல் தனிச்சட்டமே வேண்டியதாயிற்று. பெரும்பணி எதுவாயினும் அதற்கு இரு விலைகள் உண்டு. ஒன்று, கணக்கேட்டில் எழுதும் விலை. மற்றொன்று, இடம் இழந்தவனும் தொழில் இழந்தவனும் கொடுக்கும் விலை. இரண்டாம் விலையைக் கணக்கேடு எழுதாது, ஆவணப்படம் எழுதலாம்.

அதே ஆண்டுகளில் தமிழ்நாட்டிலும் ஒரு பெரும்பணி நடந்தது. 1925இல் தொடங்கி 1934இல் முடிந்த மேட்டூர் அணை அது. காவிரியை மறித்து எழுந்த அவ்வணையின் நீர்த்தேக்கத்துக்கு வந்த பெயர் என்ன? இசுடான்லி! அந்நாளைய ஆங்கில ஆளுநரின் பெயர்! ஊர்கள் நீருள் மூழ்கின. நீர் வற்றும் காலத்தில் பழைய கோயில் நந்தியும் கிறித்தவத் தேவாலயக் கோபுரமும் இன்றும் தலை காட்டுகின்றன. மூழ்கிய ஊரின் கல்லாவது அவ்வப்போது வெளியே வருகின்றது. அணைக்குக் கல் சுமந்த பெண்டிர் முகம் எந்நாளும் வெளியே வருவதில்லை. நெதர்லாந்துக் கல்பாவியின் தோளையும் தாடையையும் உலகம் இன்றும் திரையில் காண்கின்றது. மேட்டூரில் கல் பாவியவர் தோளைக் காட்ட ஓர் ஈவன்சு அங்கு இலர்.

இதனினும் கொடிய மறதி ஒன்று உண்டு. 1942இல் மலாயாவையும் சிங்கப்பூரையும் பிடித்த சப்பானியப் படை, சயாமையும் பருமாவையும் இணைக்க 415 கிலோமீட்டர் நீள இருப்புப்பாதை போடத் துணிந்தது. காடும் மலையும் ஆறும் நிறைந்த வழி. அப்பாதை ஓராண்டுக்குச் சற்று மிகுந்த காலத்தில், 1943ஆம் ஆண்டு அக்தோபர் 17ஆம் நாள் இணைந்தது. எவ்வாறு இணைந்தது? பிணத்தின்மேல் இணைந்தது! போரில் சிறைப்பட்ட ஆங்கிலேயர், ஆத்திரேலியர், நெதர்லாந்தினர் முதலியோர் 60,000 பேருக்கு மேல் அங்கு உழைத்தனர். 12,000 பேருக்கு மேல் மாண்டனர். ஆசிய உழைப்பாளரோ அவர்களினும் பன்மடங்கினர். அவர்களுள் மாண்டவர் 90,000 அளவினர் என்பது பலர் கூறும் மதிப்பீடு. மலாயாவிலிருந்து கொண்டு செல்லப்பட்டவருள் பெரும்பகுதியினர் யார்? இரப்பர்த் தோட்டத்துத் தமிழர்! மலாயாவின் கிழக்குக்கரைப் பாதையிலிருந்து பெயர்த்த தண்டவாளங்களையும் அங்கே கொண்டுசென்றனர். இரும்பும் பெயர்ந்து போயிற்று. மாந்தனும் பெயர்ந்து போனான். முறைக்காய்ச்சலும் குருதிக் கழிச்சலும் கக்கல்கழிச்சலும் அவர்களைக் கூட்டங்கூட்டமாய் வாரின.

வெள்ளைச் சிறையாளருக்குள் படைத்தலைவர் இருந்தனர், மருத்துவர் இருந்தனர், நாட்குறிப்பு எழுதுவோர் இருந்தனர், மறைவாக ஓவியம் தீட்டுவோரும் இருந்தனர். தோட்டத் தமிழனுக்கு இவற்றுள் ஒன்றுமில்லை. அவர்களுக்குக் காஞ்சனபுரியில் ஆளுக்கொரு கல்லோடு கல்லறைத் தோட்டம் உண்டு. இவனுக்குக் குழி உண்டு, கல் இல்லை. 1957இல் இப்பாதையைப் பற்றி 'குவாய் ஆற்றுப் பாலம்' என்னும் ஆங்கிலப் படம் வந்தது. இலங்கையில், களனியாற்றின் கரையில் எடுத்த அப்படம் ஏழு ஆசுகர் விருதுகளைப் பெற்றது. உலகமே அதனைக் கண்டு களித்தது. அதில் ஆங்கிலேயன் பாலம் கட்டினான்; ஆங்கிலேயன் பெருமிதம் கொண்டான். தோட்டத் தமிழனுக்கு அக்கதையில் இடமே இல்லை! அது புனைகதை என்பர். ஆம், புனைகதைதான். ஆனால் ஆவணம் இல்லாத இடத்தில் புனைகதையே வரலாறாகிவிடும் என்பதை மறத்தல் கூடாது.

நல்லவேளையாக மலேசியத் தமிழர் முற்றும் மறந்தாரல்லர். சண்முகம் 'சயாம் மரண ரயில்' என்னும் புதினத்தையும், அரங்கசாமி 'நினைவுச் சின்னம்' என்னும் புதினத்தையும் எழுதினர். இந்நூற்றாண்டில், உயிரோடு எஞ்சிய முதியவர் சிலரின் வாய்மொழியைத் தமிழரே ஆவணப்படமாகவும் பதிந்தனர். ஆனால் எண்பது ஆண்டுகள் கடந்துவிட்டன. பேசவேண்டியவருள் மிகப் பலர் பேசாமலே போய்விட்டனர். பாலம் இடிந்தால் மறுபடி கட்டலாம். வாய் மூடிவிட்டால் எந்தப் பொறிஞனாலும் திறக்க இயலாது.

ஈவன்சின் வாழ்வில் இன்னும் ஒரு செய்தி உண்டு. அதனை நாட்டுப்பற்று உடையோர் ஊன்றி எண்ணுதல் வேண்டும். இரண்டாம் உலகப் போரின் முடிவில், இந்தோனேசியாவை மறுபடி ஆளக் கருதிய நெதர்லாந்து அரசு, அவரைத் திரைப்பட ஆணையராக அமர்த்தியது. அந்நாட்டு மக்கள் விடுதலை கேட்பதைக் கண்டதும் அவர் அப்பதவியை உதறினார். ஆத்திரேலியத் துறைமுகங்களில், இந்தோனேசியாவுக்குப் படைக்கலன் ஏற்றிச் செல்லவிருந்த நெதர்லாந்துக் கப்பல்களில் வேலை செய்ய மாட்டோம் என்று தொழிலாளர் மறுத்தனர். அம்மறுப்பில் இந்தியக் கப்பல் தொழிலாளரும் சேர்ந்தனர். அதனைப் படமாக்கி 1946இல் 'இந்தோனேசியா அழைக்கிறது' என வெளியிட்டார். அதன்பின் சொந்த நாட்டு அரசே அவரைப் பகையாகக் கண்டது. கடவுச்சீட்டுக்கும் இடர் விளைத்தது. 1985இல்தான் அந்நாட்டு அமைச்சர் பாரிசுக்கே சென்று விருது வழங்கிப் பழைய பிணக்கைத் தீர்த்தார். தன் நாட்டுத் தொழிலாளன் தோளைப் போற்றிய கண்ணே, பிற நாட்டு மக்களின் உரிமையையும் போற்றியது. அரசைப் போற்றுவது வேறு. நாட்டைப் போற்றுவது வேறு. நாடு என்பது உழைக்கும் மக்கள்.

இளைஞர்களே! இன்று படப்பெட்டி அரசர்க்கும் செல்வர்க்கும் மட்டும் உரிய பொருளன்று. ஈவன்சு சுமந்து திரிந்த கருவியினும் ஆற்றல் மிக்க கருவி இன்று ஒவ்வொருவர் கைப்பேசியிலும் அடங்கிக் கிடக்கின்றது. அதனைக் கொண்டு செய்யத் தக்கது யாது? ஊர்தோறும் அணை கட்டியவர், பாலம் கட்டியவர், சுரங்கம் தோண்டியவர், துறைமுகம் அமைத்தவர் முதியவராய்த் திண்ணையில் அமர்ந்திருக்கின்றனர். அவர்களிடம் செல்க. பெயரைக் கேட்டு எழுதுக. என்ன வேலை, எவ்வளவு கூலி, உடன் உழைத்தவர் யார், விழுந்து மாண்டவர் யார் எனக் கேட்டுப் பதிக. ஆளுநரின் பெயர் கல்லில் இருக்கட்டும். கல்லைத் தூக்கியவர் பெயர் படத்தில் இருக்கட்டும்.

அவ்வாறு பதியும்போது மொழியும் உடன் பதியும். தூக்குக்குண்டு, மட்டப்பலகை, கரணை, சாரம், மதகு, தூம்பு, கலிங்கு என்று கட்டடத் தொழிலாளியும் நீர்க்காவலனும் நாவில் வைத்துக் காத்த சொற்கள் எத்தனை! பல்கலைக்கழகம் கலைச்சொல்லைத் தேடி அலைகின்றது. அச்சொல் சாரத்தின்மேல் நின்று கொண்டிருக்கின்றது. முதியவர் ஒருவர் தம் தொழிலைத் தம் சொல்லால் விளக்கும் ஒரு மணிநேரப் பதிவு, அகரமுதலிக்கு ஓர் ஏடு.

பிட்டுக்கு மண் சுமந்த கதையைத் தமிழ்நாடு அறியும். வையைக் கரையில் கூலியாளின் முதுகில் விழுந்த பிரம்படி, அரசன் முதுகிலும் அவையோர் முதுகிலும் ஒருங்கே பட்டது என்பது அக்கதை. அதனை நம்புவாரும் நம்பாதாரும் அதன் உட்பொருளை மறுக்க மாட்டார். மண் சுமப்பவன் பட்ட அடி நாடு முழுவதற்கும் வலிக்க வேண்டும். அவ்வலியை நாட்டுக்கு உணர்த்தும் படமே ஆவணப்படம். அது வலிக்காத நாட்டில் எத்தனை அணை எழுந்தாலும், அவை கல்லடுக்கே அன்றி நாட்டு வளர்ச்சி ஆகா.